வாதம் செய்யக் கற்றுக்கொள்வது எப்படி: 2015 வெள்ளத்தை வைத்து ஒரு பயிற்சி

2015 வெள்ளம் ஏன் வந்தது என்று சென்னையில் யாரை நிறுத்திக் கேட்டாலும் பதில் உடனே வரும். செம்பரம்பாக்கம் ஏரியை ராத்திரியில் திறந்துவிட்டார்கள், அதனால்தான். பக்கத்தில் நிற்பவர் விடமாட்டார்: அதெல்லாம் இல்லை, பெய்தது அப்படிப்பட்ட மழை, ஏரியை மூடியே வைத்திருந்தால் கரை உடைந்து இன்னும் மோசமாகியிருக்கும். பத்து நிமிஷத்தில் குரல் ஏறும், பேச்சு எந்த ஆட்சியில் எந்தக் கால்வாயைத் தூர்த்தார்கள் என்று எங்கேயோ போய்விடும், கடைசியில் இரண்டு பேரும் கொண்டுவந்த கருத்தையே திரும்ப எடுத்துக்கொண்டு கிளம்புவார்கள். இத்தனை வருஷம் ஆகியும் இந்தப் பேச்சு இருந்த இடத்திலேயே நிற்பது எனக்கு உண்மையிலேயே வருத்தம், ஏனென்றால் இதற்குள் அடுத்த மழைக்கு உயிர் காக்கக்கூடிய விஷயங்கள் இருக்கின்றன.

அதனால் வாதம் செய்யப் புதிதாகக் கற்றுக்கொள்பவர்களுக்கு இந்த ஒரு விவாதத்தையே எடுத்துக்கொண்டு படிப்படியாகச் சொல்கிறேன். நான் உறுதியாக நம்புவது இதுதான்: வாதத்தில் முக்கால்வாசி வேலை வாயைத் திறப்பதற்கு முன்பே முடிந்துவிடுகிறது. குரல், மேற்கோள், பேச்சுச் சாமர்த்தியம் எல்லாம் அப்புறம்.

முதலில் கேள்வியைப் பிரியுங்கள்

"வெள்ளத்துக்கு யார் காரணம்?" என்பது கேட்க ஒரே கேள்வி மாதிரி இருக்கிறது, உள்ளே குறைந்தது நான்கு இருக்கின்றன. எவ்வளவு மழை பெய்தது, ஏரியிலிருந்து எப்போது எவ்வளவு தண்ணீர் விட்டார்கள் என்பது ஒன்று. இதற்குப் பதில் பதிவேடுகளில் இருக்கிறது, கத்திப் பேசித் தீர்க்க வேண்டியதே இல்லை. அந்தத் தண்ணீரை விடாமல் இருந்திருந்தால் அடையாற்றங்கரையில் இருக்கும் கோட்டூர்புரத்தில் வீடுகள் தப்பித்திருக்குமா என்பது இரண்டாவது. நடக்காத ஒன்றை யோசித்துப் பதில் சொல்ல வேண்டியிருப்பதால் இது கஷ்டமான கேள்வி. அன்றைக்கு முடிவெடுத்தவர்கள் தங்களுக்குத் தெரிந்திருந்ததை வைத்துச் சரியாக நடந்தார்களா என்பது மூன்றாவது. இனிமேல் மழைக்காலத்தில் ஏரியில் எவ்வளவு இடம் காலியாக வைக்கலாம் என்பது நான்காவது. அதற்கு எண்கள் மட்டும் போதாது, வெள்ளம், வறட்சி இரண்டில் எந்த ஆபத்தை நாம் கொஞ்சம் கூடுதலாகத் தாங்கத் தயார் என்பதையும் சொல்லியாக வேண்டும்.

டீக்கடையில் நடப்பது என்னவென்றால், ஒருவர் மூன்றாவது கேள்வியைப் பேசிக்கொண்டிருக்க, மற்றவர் முதல் கேள்விக்கான எண்ணைச் சொல்லி அவரை மடக்கப் பார்க்கிறார். பெரிய மழை பெய்ததும் உண்மையாக இருக்கலாம், ஏரியைக் கவனித்தவர்கள் கோட்டை விட்டதும் உண்மையாக இருக்கலாம், ஒன்று இன்னொன்றைப் பொய்யாக்காது. குரல் ஏற ஆரம்பித்தவுடன் நீங்கள் கேட்க வேண்டியது ஒன்றே ஒன்று: "அண்ணே, நாம இப்ப எதைப் பத்தி பேசறோம், எவ்வளவு தண்ணி வந்துச்சுன்னா, இல்ல யார் மேல தப்புன்னா?" இந்த இடத்திலேயே பாதிச் சண்டை அடங்கிவிடும். மீதி இருப்பதுதான் பேசத் தகுந்த விஷயம்.

சொல்ல வருவதை ஒரு வரியில் எழுதுங்கள்

கையில் பேனா எடுத்து எழுதச் சொல்கிறேன், மனசுக்குள் சொல்லிப் பார்ப்பது போதாது. எப்படி எழுதுவது என்பதற்கு நமக்குப் பழைய முறை ஒன்று இருக்கிறது. மணிமேகலையின் 29-ஆம் காதையில், காஞ்சியில் வைத்து, அறவண அடிகள் மணிமேகலைக்குத் தருக்கம் கற்றுக்கொடுக்கிறார். இந்த மலையில் நெருப்பு இருக்கிறது என்று சொல்வது பக்கம். புகை தெரிகிறதே என்று காட்டுவது ஏது. புகை இருந்த இடத்தில் நெருப்பும் இருந்ததை நாம் பார்த்த இடம், அதாவது அடுக்களை, திட்டாந்தம். இவற்றோடு உபநயம், நிகமனம் என்று இன்னும் இரண்டைச் சொல்லிவிட்டு, அவை திட்டாந்தத்திலேயே அடங்கிவிடும் என்கிறது காதை. ஆக உங்களுக்கு மூன்று போதும். அப்புறம் அது நெடுநேரம் பேசுவது இந்த மூன்றும் எப்படியெல்லாம் பழுதாகும் என்பதைப் பற்றி: பக்கப்போலி, ஏதுப்போலி, திட்டாந்தப்போலி. பள்ளிக்கூடத்தில் இந்தக் காப்பியத்தின் கதையை மட்டும் படித்துவிட்டு இந்தப் பகுதியைத் தாண்டிப் போகிறோம், பெரிய நஷ்டம்.

நம் விவாதத்தை இதில் போட்டுப் பார்க்கலாம். பக்கம்: கோட்டூர்புரம் மூழ்கியதற்கு ஏரியைத் திறந்தது பெரிய காரணம். ஏது: 2015 டிசம்பர் 1 அன்று செம்பரம்பாக்கத்திலிருந்து விநாடிக்கு 29,000 கன அடி வரை தண்ணீர் விடப்பட்டது, அந்த உபரிநீர் திருநீர்மலை அருகே அடையாற்றில் சேர்ந்து, சைதாப்பேட்டை, கோட்டூர்புரம் வழியாகத்தான் கடலுக்குப் போகிறது. திட்டாந்தம்? இங்கேதான் தடுமாறுவோம், தடுமாறுவது நல்லது. 2020 நவம்பரில் நிவர் புயலின்போது ஏரி 22 அடியைத் தொட்டதும் முதலில் 1,000 கன அடி, பிறகு படிப்படியாகக் கூட்டித் திறந்தார்கள், ஆற்றங்கரையில் 2015 மாதிரி எதுவும் ஆகவில்லை. அப்படியானால் முன்கூட்டியே கொஞ்சம் கொஞ்சமாக விட்டால் தப்பிக்கலாம் என்று இது காட்டுகிறதா? ஓரளவுக்குத்தான், ஏனென்றால் அந்த வருஷம் மழையும் 2015 அளவுக்கு இல்லை. எழுதிப் பார்த்ததால்தான் இந்த ஓட்டை கண்ணில் படுகிறது. பேச்சில் அது "நிவர் புயலப்ப மட்டும் எப்படி சமாளிச்சாங்க?" என்ற ஒரு கேள்வியாக வந்து கைதட்டு வாங்கிக்கொண்டு போயிருக்கும்.

அப்புறம், உங்கள் பக்கத்தை நீங்களே உடைத்துப் பாருங்கள்

இந்தப் படிதான் எல்லாவற்றிலும் முக்கியம், பெரும்பாலோர் செய்யாமல் விடுவதும் இதைத்தான்.

பீட்டர் வேசன் என்ற உளவியலாளர் 1960-ல் வெளியிட்ட ஒரு சோதனையை இன்றைக்கு ராத்திரி வீட்டில் செய்து பாருங்கள். 2, 4, 6 என்று மூன்று எண்கள் சொல்லுங்கள். "என் மனசுல ஒரு விதி இருக்கு, இந்த மூணும் அதுக்குப் பொருந்தும். நீங்க வேற மூணு மூணா சொல்லுங்க, பொருந்துதா இல்லையான்னு சொல்றேன், விதியைக் கண்டுபிடிங்க." அனேகமாக எதிரில் இருப்பவர் 8, 10, 12 என்பார். பொருந்தும். 20, 22, 24 என்பார். பொருந்தும். இரண்டிரண்டாகக் கூடிக்கொண்டு போவதுதான் விதி என்று உறுதியாகச் சொல்லிவிடுவார். விதி அது இல்லை. ஒவ்வொரு எண்ணும் முந்தையதைவிடப் பெரிதாக இருந்தால் போதும், அவ்வளவுதான். 1, 7, 50 என்றாலும் பொருந்தியிருக்கும். பொருந்தாது என்று தான் நினைக்கும் மூன்றை அவர் ஒரு தடவை சொல்லிப் பார்த்திருந்தால் உடனே பிடிபட்டிருக்கும், ஆனால் நமக்கு "ஆமாம்" என்ற பதில் வரக்கூடிய இடத்தில் மட்டுமே கேட்டுப் பழக்கம்.

இப்போது அதையே வெள்ளத்துக்குச் செய்யுங்கள். ஏரியைத் திறந்ததுதான் காரணம் என்றால் எந்த இடம் மூழ்கியிருக்கக் கூடாது? ஏரித் தண்ணீர் ஆற்றில் சேரும் இடத்துக்கு மேலே இருக்கும் ஊர்கள் மூழ்கியிருக்கக் கூடாது. முடிச்சூரும் வரதராஜபுரமும் அடையாற்றில் திருநீர்மலைக்கு மேலே இருக்கின்றன, அங்கேயும் வீடுகள் மூழ்கின. வேளச்சேரி அடையாற்றங்கரையிலேயே இல்லை, அதன் தண்ணீர் பள்ளிக்கரணைச் சதுப்புநிலம் போய் ஒக்கியம் மடுவு வழியாக வடிய வேண்டியது. வேளச்சேரியும் மூழ்கியது. ஆக, "சென்னை வெள்ளத்துக்குக் காரணம் செம்பரம்பாக்கம்" என்ற வாக்கியம் அப்படியே நிற்காது. அதற்காக வாதம் தோற்றுவிட்டது என்று போட்டுவிட்டுப் போகாதீர்கள். "திருநீர்மலைக்குக் கீழே ஆற்றை ஒட்டிய பகுதிகளில் அந்த ராத்திரி தண்ணீர் ஏறியதற்கு ஏரித் திறப்பு முக்கியமான காரணம்" என்று சுருக்கிக்கொண்டால் இன்னும் உறுதியாக நிற்கும். வாதத்தைக் குறுக்கக் குறுக்க அதை அசைப்பது கஷ்டம். புதிதாக வருபவர்கள் இதை நம்ப மறுப்பார்கள், பெரிதாகச் சொன்னால்தான் பலம் என்று நினைப்பார்கள்.

எதிர்ப்பக்கத்தையும் இதே மாதிரி கேளுங்கள். மழை மட்டும்தான் காரணம் என்றால், நவம்பர் முழுக்கக் கொட்டித் தீர்த்த பிறகும் ஏரியில் ஏன் போதுமான இடம் காலியாக இல்லை? 2018-ல் சட்டமன்றத்தில் வைக்கப்பட்ட மத்திய தணிக்கை அறிக்கையும் ஏரியின் நீர் வெளியேற்ற நிர்வாகத்தைத்தான் கடுமையாகக் குறை சொன்னது. அதே சமயம், நவம்பரிலேயே ஏரியைக் காலி செய்திருக்க வேண்டும் என்று சுலபமாகச் சொல்பவர்கள் 2019-ஐ நினைத்துப் பார்க்க வேண்டும். பூண்டி, சோழவரம், செங்குன்றம், செம்பரம்பாக்கம் நான்கும் அந்தக் கோடையில் கிட்டத்தட்ட வற்றிப்போய், ஜூலையில் ஜோலார்பேட்டையிலிருந்து வில்லிவாக்கத்துக்கு ரயிலில் குடிநீர் வந்தது. டிசம்பரில் என்ன வரும் என்று தெரியாத நிலையில், நவம்பரில் குடிநீர் ஏரியைத் திறக்கும் கையெழுத்தைப் போட வேண்டியவரின் நாற்காலியில் உங்களை உட்கார வைத்துப் பாருங்கள். முடிவு தெரிந்த பிறகு எல்லாமே முன்பே தெரிந்திருக்க வேண்டிய விஷயமாகத்தான் தோன்றும். அப்படி யோசித்த பிறகும் அவர்கள் செய்தது தவறு என்று உங்களுக்குப் பட்டால் தாராளமாகச் சொல்லுங்கள், அந்தக் குற்றச்சாட்டுக்கு அப்போதுதான் எடை வரும்.

ஆதாரத்தை எடை போடுவது

எண் சொன்னால் எங்கே அளந்தது என்று கேளுங்கள். 2015 டிசம்பர் 2 காலையோடு முடிந்த 24 மணி நேரத்தில் தாம்பரத்தில் பதிவானது 49 சென்டிமீட்டர், நுங்கம்பாக்கத்தில் 29. ஒரே நகரம், ஒரே நாள். "சென்னையில் இவ்வளவு மழை" என்று யாராவது ஒரே எண் சொன்னால் அது எந்த நிலையத்து எண் என்று தெரியாமல் அதை வைத்து எதையும் நிரூபிக்க முடியாது.

நேரில் பார்த்தவர் சொல்வதற்கு மதிப்பு உண்டு, ஆனால் அவர் பார்த்த அளவுக்குத்தான். ஜாபர்கான்பேட்டையில் மொட்டை மாடியில் நின்று உயிர் பிழைத்த ஒருவர், எத்தனை மணிக்குத் தண்ணீர் வாசற்படி ஏறியது, எவ்வளவு வேகமாக ஏறியது என்று சொன்னால் அதைவிட நல்ல சாட்சி கிடையாது. அது எங்கிருந்து வந்த தண்ணீர் என்று அவர் சொல்வது அவருடைய ஊகம், உங்கள் ஊகத்தைப் போலவே சரிபார்க்க வேண்டியது. இந்த இரண்டையும் பிரிக்கும்போது அவருடைய துயரத்தைச் சந்தேகப்படுவது மாதிரி ஆகிவிடக் கூடாது, அந்தக் கவனம் வேண்டும்.

வாட்ஸ்அப்பில் வரும் வீடியோவுக்குத் தேதி, இடம் இரண்டையும் தேடுங்கள். கடைப் பலகையில் என்ன மொழி, வண்டி நம்பரில் எந்த மாநிலம், படத்தை கூகுள் லென்ஸில் போட்டால் பழைய வருஷத்துச் செய்தி எதுவும் வருகிறதா, இதற்கு இரண்டு நிமிஷம் ஆகும். ஆனால் எல்லாமே பொய் என்று முன்கூட்டியே முடிவு கட்டுவதும் யோசிக்காமல் இருப்பதுதான். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் மழையின்போது பெருங்களத்தூர் பக்கம் சாலையைக் கடக்கும் முதலை வீடியோ ஒன்று சுற்றியது. பார்த்தவுடன் புரளி என்றுதான் தோன்றும். அது உண்மையான வீடியோ. சென்னையின் சில நீர்நிலைகளில் முதலைகள் இருக்கின்றன, அவை மனிதரைத் தவிர்க்கும் கூச்ச சுபாவம் உள்ளவை, பயப்பட வேண்டாம் என்று அரசுத் தரப்பிலிருந்தே சொன்னார்கள். சந்தேகம் இரண்டு பக்கமும் வேலை செய்ய வேண்டும்.

எவ்வளவு உறுதி என்பதையும் சேர்த்துச் சொல்லப் பழகுங்கள். "நிச்சயமா", "அனேகமா", "இருக்கலாம்" என்று தமிழில் அழகான படிகள் இருக்கின்றன, நாம் எல்லாவற்றுக்கும் முதல் படியையே பயன்படுத்துகிறோம்.

பெரியவர்களிடம் மாற்றுக் கருத்து சொல்வது

நம் ஊரில் வாதம் கற்றுக்கொள்பவர்களுக்கு உண்மையான கஷ்டம் இங்கேதான். தருக்கம் சரியாக இருந்தும், குடும்பக் குழுவில் பெரியப்பா போட்ட செய்திக்குக் கீழே "இது பொய்" என்று எழுதினால் அன்றிலிருந்து விஷயம் அந்தச் செய்தியைப் பற்றியதாக இருக்காது, யார் யாரை மதிக்கவில்லை என்பதாக மாறிவிடும். மரியாதைக்காக வாயை மூடிக்கொள்ளச் சொல்லவில்லை. மரியாதையாகவே முழுசாக மறுக்கலாம், அதற்குச் சில வழிகள் இருக்கின்றன.

எல்லார் முன்னாலும் வேண்டாம், தனியாகப் போன் பண்ணுங்கள். முதலில் அவர் சொன்னதை நீங்கள் திருப்பிச் சொல்லுங்கள், அவர் சொன்னதைவிடக் கொஞ்சம் நன்றாகவே: "பெரியப்பா, நீங்க சொல்றது, மழை எவ்வளவுன்னாலும் அதிகாரிங்க ஒழுங்கா கவனிச்சிருந்தா இவ்வளவு சேதம் ஆகியிருக்காதுன்னுதானே?" அவர் "ஆமாம்பா, அதேதான்" என்று சொல்லும்வரை உங்கள் பதிலை ஆரம்பிக்காதீர்கள். அனடோல் ராப்பபோர்ட் என்ற அறிஞர் விவாதத்துக்கு வைத்த நிபந்தனையும் இதுதான்: எதிராளியே ஒத்துக்கொள்ளும்படி அவர் நிலையை எடுத்துச் சொன்ன பிறகுதான் மறுக்கத் தொடங்கலாம். அடுத்து, அவர் சொன்னதில் உங்களுக்கு உடன்பாடு உள்ளதைச் சொல்லுங்கள், பொய்யாக இல்லாமல். அப்புறம் கேள்வி: "முடிச்சூர்ல எப்படி தண்ணி வந்துச்சு பெரியப்பா? அது ஏரித் தண்ணி சேர்ற இடத்துக்கு மேல இருக்கே?" தெரியாததைத் தெரிந்துகொள்ளக் கேட்கும் குரலில் கேளுங்கள், பதில் சொல்ல அவருக்கு நேரம் கொடுங்கள். அவருக்கு உங்களுக்குத் தெரியாத ஒன்று தெரிந்திருக்கலாம். அடையாற்றைப் பல வருஷமாகப் பார்த்தவருக்கு, கரை எங்கே குறுகியது, எந்த ஏரிக்குள் எந்த நகர் எழும்பியது என்பதெல்லாம் ஞாபகத்தில் இருக்கும்.

அந்த இடத்திலேயே அவர் ஒத்துக்கொள்ள வேண்டும் என்று நிற்காதீர்கள். மனிதர்கள் தனியாக இருக்கும்போதுதான் மனசை மாற்றிக்கொள்கிறார்கள். அடுத்த மாதம் அவரே வேறு யாரிடமோ "முடிச்சூர் கதை வேற" என்று சொன்னால் போதும், அது நீங்கள் சொன்னது என்று ஞாபகப்படுத்த வேண்டாம். ஆபீஸில் மேலதிகாரியிடமும் இதே வழிதான், ஒரு வித்தியாசம்: அங்கே முடிவு எடுக்கப்படுவதற்கு முன் சொல்லியாக வேண்டும். "சார், இதுல எனக்கு ஒரு சந்தேகம் இருக்கு, மீட்டிங்குக்கு முன்னாடி அஞ்சு நிமிஷம் பேசலாமா?"

நடுவில் வரும் தடைகள்

"நீ எந்தக் கட்சி?" என்றால், "அது இருக்கட்டும், நான் சொன்ன எண் தப்பான்னு சொல்லுங்க" என்று திரும்ப விஷயத்துக்கு வாருங்கள். "அவங்க ஆட்சியில மட்டும்?" என்றால், "அதுவும் தப்புதான், அதையும் பேசலாம், முதல்ல இதை முடிப்போம்." "எங்க தெருவுல ஒரு சொட்டு தண்ணி நிக்கல" என்றால், அந்தத் தெரு மேடா பள்ளமா என்று கேளுங்கள். எதிராளியின் பிழைக்குப் பெயர் வைத்துச் சொல்லிக்காட்டாதீர்கள். எங்கே தவறு என்று அவருக்குப் புரியும்படி விளக்க முடிந்தால் பெயர் தேவையில்லை.

குடியிருப்புச் சங்கக் கூட்டம் மாதிரி முடிவெடுத்தே ஆக வேண்டிய இடங்களில் கேள்வியைப் பிரிக்கும் பழக்கம் நன்றாக உதவும். புது போர்வெல் போடலாமா, லாரித் தண்ணீரே வாங்கலாமா என்று பேச்சு வந்தால், எத்தனை அடியில் தண்ணீர் கிடைக்கும், உப்பு எவ்வளவு, மாதம் லாரிக்கு என்ன செலவாகிறது என்பதையெல்லாம் கூட்டத்துக்கு முன்பே விசாரித்துத் தாளில் எழுதிக்கொண்டு வரச் செய்யுங்கள். கூட்டத்தில் பேச மீதி இருப்பது யார் எவ்வளவு கொடுப்பது என்பது மட்டும்தான். அது நியாயம் பற்றிய கேள்வி, அதில் கருத்து வேறுபாடு இருப்பது இயல்பு, கடைசியில் ஓட்டுக்கு விடலாம்.

பழகுவதற்கு

பொங்கலுக்கும் தீபாவளிக்கும் டிவியில் வரும் பட்டிமன்றத்தைப் பாருங்கள். எனக்கு மிகவும் பிடித்த கலை அது, ஆனால் அங்கே அணி முன்கூட்டியே ஒதுக்கப்படுகிறது, பேச்சாளர் நடுவில் மனசை மாற்றிக்கொள்ள இடமில்லை, கைதட்டலுக்கும் நேரம் பார்த்துப் பேச வேண்டும். அதனால் பார்க்கும்போது ஒரு தாளில் உங்களுக்குப் பிடிக்காத அணியின் வலுவான ஏதுவை மட்டும் எழுதுங்கள், நகைச்சுவையை நீக்கிவிட்டு. எதுவும் மிஞ்சவில்லை என்றால் அந்த அணிக்கு நீங்களே ஒன்று யோசித்து எழுதுங்கள்.

அடுத்து உங்கள் தெருவையே எடுத்துக்கொள்ளுங்கள். மழை பெய்தால் தண்ணீர் ஏன் நிற்கிறது என்பதற்கு அக்கம்பக்கத்தில் சொல்லப்படும் காரணங்களை எழுதுங்கள், ஒவ்வொன்றுக்கும் எது தெரிந்தால் அது பொய்யாகும் என்று பக்கத்தில் குறியுங்கள். மழைநீர் வடிகால் எந்தப் பக்கம் சரிகிறது, எந்தக் கால்வாயில் போய்ச் சேர்கிறது, கடைசியாக எப்போது தூர்வாரினார்கள் என்பவை மாநகராட்சியிடம் இருக்க வேண்டிய தகவல்கள். 2005-ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டப்படி 10 ரூபாய் கட்டணத்தோடு எழுதிக் கேட்டால் 30 நாளுக்குள் பதில் தர வேண்டும். விண்ணப்பத்தில் "ஏன்" என்று கேட்காதீர்கள், ஆவணத்தின் நகலையும் தேதியையும் கேளுங்கள். பதில் வந்ததும், பட்டியலில் எந்தக் காரணத்தை அடிக்க வேண்டுமோ அதை அடித்துவிட்டு, மீதியை எடுத்துக்கொண்டு அடுத்த வார்டு கூட்டத்துக்குப் போங்கள்.